மதினி சொல்லாத பெயர்

நவம்பர் இருபதாம் தேதி, வியாழக்கிழமை. காலையில் வழக்கம்போல எழுந்து வாசல் தெளித்து, பால் காய்ச்சி, முந்தைய நாள் நாட்குறிப்பில் எழுதியதை ஒருமுறை வாசித்துவிட்டுப் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பினேன். நான் வேலை பார்ப்பது ஒரு மேல்நிலைப் பள்ளியின் அலுவலகத்தில். பத்தாம் வகுப்புப் பிள்ளைகளின் பெயர்கள் பொதுத்தேர்வுக்குப் போவதற்கு முன்னால் பிழையில்லாமல் இருக்க வேண்டும் என்பதால், ஒவ்வொருவராக வரச்சொல்லிச் சரிபார்ப்பதிலேயே பகல் போயிற்று. இப்போதைய பிள்ளைகளுக்குத் தங்கள் பெயரின் அர்த்தம் தெரிந்திருக்கிறது. புகழுடையவன், ஒளி, அம்மனின் இன்னொரு பெயர் என்று கேட்காமலேயே சொல்கிறார்கள். பெற்றோர் கைபேசியில் தேடித் தேடி, நட்சத்திரத்துக்கு எழுத்துப் பார்த்து, கூட்டு எண் பார்த்து வைத்த பெயர்கள். சாயங்காலம் வீட்டுக்கு வந்து, மறுநாள் வெள்ளிக்கிழமை என்பதால் புளி போட்டு விளக்குத் துலக்கினேன். துலக்கிய கையோடு, குங்குமச் சிமிழுக்குள் பஞ்சில் சுற்றி வைத்திருந்த மூக்குத்தியை எடுத்துப் பூந்திக்கொட்டைத் தண்ணீரில் ஊறப்போட்டேன்.

ஒற்றை வெள்ளைக்கல் பதித்த மூக்குத்தி. தங்கம் தேய்ந்து மெலிந்துவிட்டது. திருகின் மரை பாதிக்கு மேல் மழுங்கிவிட்டது. என் அண்ணன் மனைவி, நான் மதினி என்று கூப்பிட்டவர், கல்யாணத்தன்று போட்டுக்கொண்டு வந்தது. இந்த ஆடி மாதம் அவர் இறந்தபோது கழற்றி என் கையில் கொடுத்தார்கள். அவருடைய மகள் அப்போது மாசமாக இருந்தாள். “பிள்ள பெறந்தப்பறம் வாங்கிக்கிறேன் அத்த, இப்ப என்னால அதப் பாக்க முடியாது” என்றாள். இப்போது பிள்ளை பிறந்துவிட்டது, ஆண் குழந்தை. ஞாயிற்றுக்கிழமை வண்டியூரில் அவள் மாமியார் வீட்டில் பெயர் வைக்கிறார்கள். அன்று கொடுப்பதற்காகத்தான் ஊறப்போட்டேன். இதை மூக்குத்தி என்று எழுதும்போது எனக்கே கொஞ்சம் தயக்கமாக இருக்கிறது. மதினி ஒருநாளும் இதை அந்தப் பெயரால் சொன்னதில்லை. ‘ஒத்தக்கல்லு’ என்பார்.

விளக்கைக் கவிழ்த்து வைத்துக்கொண்டிருந்தபோது அண்ணன் மகள் போனில் கூப்பிட்டாள். “அத்த, அவுக வீட்டுல நல்ல மனசா ‘பேரு ஒன் இஷ்டம்’னு சொல்லிட்டாங்க. எனக்கு எங்கண்ணன் பேர வைக்கணும். ஆனா எந்தப் பேர வைக்கிறதுன்னுதான் தெரியல.” அவளுடைய அண்ணனுக்கு இரண்டு பெயர்கள் இருந்தன. அந்த இரண்டில் எது என்று அவள் கேட்டாள். “காலையில சொல்றேன் ஆத்தா” என்று மட்டும் சொன்னேன். ஒரு பெயரைச் சொல்லிவிட்டு எளிதாகப் போனை வைக்கக்கூடிய கேள்வி இல்லை அது. அதைச் சொல்ல வேண்டுமானால் மதினியைப் பற்றிச் சொல்ல வேண்டும். மதினியைப் பற்றிச் சொல்ல வேண்டுமானால் எங்கள் அப்பாவின் பெயரிலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

அப்பாவின் பெயர் மூக்கையா. அவருக்கு முன்னால் அந்த வீட்டில் பிறந்த பிள்ளைகள் தங்கவில்லை. அடுத்துப் பிறந்த இவரையாவது காப்பாற்ற வேண்டும் என்று, பிறந்த சில நாட்களிலேயே மூக்கில் துளையிட்டு ஒரு பொன்கம்பியை வளைத்துப் போட்டுவிட்டார்கள். குறைபட்ட பிள்ளையை எமன் எடுக்கமாட்டான் என்று ஒரு நம்பிக்கை. மூக்குக் குத்திய பிள்ளை என்பதால் மூக்கையா. அப்பாவின் வலது மூக்கில் கடைசிவரை ஒரு கடுகளவு வடு இருந்தது. எங்கள் பக்கத்தில் இப்படிப் பல பெயர்கள் உண்டு. குப்பைமேட்டில் போட்டு எடுத்த பிள்ளை குப்பை. மடியேந்தி வாங்கியதுபோல் பாவித்த பிள்ளை பிச்சை. தவிட்டைக் கொடுத்து வாங்கிய பிள்ளை தவிடன். வெளியூர்க்காரர்கள் இந்தப் பெயர்களைக் கேட்டுச் சிரித்திருக்கிறார்கள். அவர்கள்மேல் தப்பில்லை, அர்த்தம் தெரியாது. இந்தப் பெயர்கள் ஒவ்வொன்றுக்குள்ளும் அதற்கு முன்னால் செத்துப்போன ஒரு பிள்ளை இருக்கிறது. புகழ், ஒளி என்றெல்லாம் ஆசைப்படுவதற்கு அந்தக் காலத்தில் துணிச்சல் வேண்டும். எங்கள் ஆட்கள் கேட்டது ஒன்றே ஒன்றுதான், பிள்ளை உயிரோடு கிடக்க வேண்டும்.

மதினி எங்கள் வீட்டுக்கு வந்தபோது நான் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தேன். வீட்டில் கடைசிப் பெண் என்பதால் என்னை எல்லோரும் பாப்பா என்பார்கள். மதினியும் அப்படியே கூப்பிட ஆரம்பித்து, எனக்கு நரை விழுந்த பிறகும் அப்படியேதான் கூப்பிட்டார். எங்கள் ஊரான பரவையில் வீட்டையொட்டி நிலம். அண்ணனுக்கு மார்க்கெட்டில் காய்கறிக் கமிஷன் கடை. அம்மா அதற்கு முன்பே இறந்துவிட்டதால் வீட்டில் பெண் என்று இருந்தது மதினியும் நானும்தான். மருமகள் மாமனார் பெயரைச் சொல்லக்கூடாது என்பதை யாரும் மதினிக்குச் சொல்லித் தரவில்லை. அவர் பிறந்த வீட்டிலேயே படிந்து வந்திருந்த பழக்கம். ஆனால் பெயரோடு அவர் நிறுத்திக்கொள்ளவில்லை. பெயரின் முதல் பாதி ‘மூக்கு’ என்பதால், அந்தச் சொல்லையே வாயில் எடுக்கமாட்டார். எனக்குச் சளி பிடித்தால் “பாப்பா, ஒழுகுது பாரு, தொட” என்பார். அப்பாவின் மூக்குப்பொடி மட்டையை ‘பொடி’ என்பார். ஒருமுறை மருந்துக்கடையில் மூக்கில் விடும் சொட்டு மருந்து வாங்கப் போனபோது நானும் கூட இருந்தேன். “மூச்சு விடுற ஓட்டையில ஊத்துற மருந்து குடுங்கண்ணே” என்றார். கடைக்காரர், “எந்த ஓட்டைம்மா?” என்று கேட்டார். மதினி முகத்துக்கு நடுவில் விரலை வைத்துக் காட்டினார். “அதுக்குப் பேரு இருக்குல்ல?” என்றார் கடைக்காரர். “இருக்கு. எங்க மாமா வச்சிருக்காரு” என்றார் மதினி. அண்ணன் இதைக் கேட்டு வயிறு வலிக்கச் சிரித்தார். அதற்குப் பிறகு சாப்பிட உட்காரும்போதெல்லாம் தன் மூக்கைத் தொட்டுக் காட்டி, “இது என்னா? சொல்லு பாப்போம்” என்பார். “உங்கப்பாட்ட கேளுங்க” என்று மதினி குழம்பை ஊற்றிவிட்டு நகர்ந்துவிடுவார்.

இன்னொரு பழக்கமும் இருந்தது. இன்றைக்கு நினைத்துப் பார்க்கும்போது அதைத்தான் முதலில் எழுதியிருக்க வேண்டும் என்று தோன்றுகிறது. யாராவது வாசலில் நின்று “மூக்கையாண்ணே!” என்று கூப்பிட்டால், அப்பா எங்கே இருந்தாலும் கூடத்தின் வழியாகத்தான் வாசலுக்கு வருவார். மாமனார் வரும்போது மருமகள் உட்கார்ந்திருக்கக்கூடாது. ஆகவே அந்தப் பெயர் காதில் விழுந்ததுமே மதினி எழுந்துவிடுவார். அரிசி புடைத்துக்கொண்டிருந்தாலும், பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாலும் எழுந்து, முந்தானையை இழுத்துத் தோளில் போர்த்திக்கொண்டு, சுவரோரமாகத் தலை குனிந்து நிற்பார். அப்பா கடந்து போனபின் உட்காருவார். பல நாள் அப்பா தோட்டத்தில் இருப்பார். வீட்டில் ஆள் இல்லை என்று தெரிந்தும் மதினி எழுந்து நின்றதை நான் பார்த்திருக்கிறேன். “அப்பாதான் இல்லையே மதினி, யாருக்கு எந்திரிக்கிறீங்க?” என்று கேட்டால், “அட, ஆமால்ல” என்று சிரிப்பார். அவராக நினைத்து எழுந்திருக்கவில்லை. கால்களே எழுந்துகொண்டன.

முதல் பிள்ளை ஆண். தாத்தாவின் பெயரைத்தான் வைக்க வேண்டும் என்பதில் யாருக்கும் சந்தேகம் இருக்கவில்லை. பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதிலிருந்து வந்தது, தாத்தாவின் பெயரைத் தாங்கியவன் என்று அர்த்தம். அத்தை முறைக்கு நான் ஒருத்திதான். வெற்றிலையைக் காதோரம் மறைத்துப் பிடித்து, அந்தப் பூப்போன்ற காதுக்குள் ‘மூக்கையா’ என்று மூன்று முறை சொன்னேன். பக்கத்தில் பிள்ளையை மடியில் வைத்திருந்த மதினி, ஒவ்வொரு முறை நான் சொல்லும்போதும் எழுந்திருக்கப் பார்த்து, மடியில் பிள்ளை இருப்பதை உணர்ந்து உட்கார்ந்தார். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். தன் பிள்ளையின் பெயரை அந்த அம்மாவால் கூப்பிட முடியாது என்பது அன்று எங்களில் ஒருவருக்கும் பெரிதாகத் தெரியவில்லை. ஊரில் எத்தனையோ வீடுகளில் அப்படித்தான்.

மதினி பெயரைப் பாதியாக உடைத்துக்கொண்டார். மூக்கை விட்டுவிட்டு மிச்சத்தை மட்டும் எடுத்துக்கொண்டார். “அய்யா, எந்திரி அய்யா.” “அய்யா, சாப்பிட வா.” “ஏய்யா இப்படிப் பண்ற?” கோபம் வந்தாலும் அதே அய்யாதான். அண்ணனாலும் பெற்ற தகப்பன் பெயரைச் சொல்லி ‘வாடா போடா’ என்று திட்ட முடியாது. ஆகவே அவன் வீட்டில் யாரிடமும் பெயர் சொல்லித் திட்டு வாங்காமலே வளர்ந்தான். முதல் வகுப்பில் சேர்த்த அன்று சாயங்காலம் புத்தகப் பையைப் போட்டுவிட்டு, “ஏம்மா, ஸ்கூல்ல டீச்சரு என்னையத் தாத்தா பேரச் சொல்லிக் கூப்பிடுறாங்க” என்று புகார் சொன்னான். அதுதான் தன் பெயர் என்பதே அவனுக்கு அன்றுதான் தெரிந்தது.

அவன் பள்ளிப் படிப்பை முடிக்கும் முன்பே எங்கள் அப்பா இறந்துவிட்டார். பிறகு அவன் ஐ.டி.ஐ. முடித்து அவனியாபுரத்தில் ஒரு லேத் பட்டறையில் சேர்ந்தான். பட்டறையில் மூக்கையா ‘மூக்கு’ ஆயிற்று. “டேய் மூக்கு, அந்த ஸ்பேனர எடு”, “மூக்கு, டீ சொல்லு” என்று நாள் முழுவதும் கேலி. கொஞ்ச நாள் பொறுத்துப் பார்த்துவிட்டு, வேறு பட்டறைக்கு மாறியபோது தன் பெயர் முகேஷ் என்று சொல்லிவிட்டான். ‘மூ’வை ‘மு’ ஆக்கியதோடு சரி என்று நினைத்திருப்பான். விஷயம் வீட்டுக்குத் தெரிந்த ஞாயிற்றுக்கிழமை நானும் பரவையில் இருந்தேன். அண்ணன் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளி வைத்துவிட்டார். “பேரன்னா என்னடா அர்த்தம்? எங்கப்பன் பேர வச்சிருக்கவன்தான்டா பேரன். அத அழிச்சுப்புட்டு வந்து நிக்கிறயே” என்றார். அவன் குரலை உயர்த்தவில்லை. “எங்கப்பா அழிச்சேன்? லைசென்ஸுல, ஆதார்ல எல்லாத்துலயும் மூக்கையாதான். பேரு பத்திரமா இருக்கு. கூப்பிடத்தான் ஆளில்ல” என்றான்.

அன்று அண்ணனுக்கு ஆதரவாக மதினி ஏதாவது சொல்வார் என்று பார்த்தேன். மதினி அடுப்படி வாசலில் நின்றுகொண்டு உதட்டை அசைத்துக்கொண்டிருந்தார். கொஞ்ச நேரம் கழித்து, சொல்லிப் பார்ப்பதுபோல, “முகேசு” என்றார். அவன் திரும்பிப் பார்த்து, “என்னம்மா?” என்றான். “ஒண்ணுமில்லப்பா. சும்மா கூப்பிட்டேன்” என்றார் மதினி. அந்த முகத்தை நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை. இருபது வயதைத் தாண்டிய மகனை அன்றுதான் முதன்முதலாகப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார்.

அதற்குப் பிறகு மதினி அந்தப் பெயரைச் செலவழித்த விதம் இருக்கிறதே! மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டே “முகேசு!” பட்டறைக்குக் கிளம்பியவனைத் தெருமுனை வரை விட்டுவிட்டு, “முகேசு, பாத்துப் போ!” ராத்திரிச் சாப்பாட்டுக்கு வரும் வண்டிச் சத்தம் கேட்டதும் “முகேசா?” பக்கத்து வீட்டுக்காரப் பெண் ஒருநாள் சுவருக்கு மேலாக எட்டிப் பார்த்து, “என்ன மதினி, மகனுக்கு ஏலம் விடுறீங்களா? அஞ்சு நிமிசத்துக்கு ஒருக்கா கூவுறீங்க” என்றாள். “நீ ஒம்மகன நூறு பேரு சொல்லித் திட்டுற. நான் ஒரு பேரச் சொல்லிக் கூப்பிட்டா ஒனக்கு வலிக்குதா?” என்றார் மதினி. அண்ணனும் நாளாக நாளாக அடங்கிவிட்டார். ஆனால் அவர் கடைசிவரை முகேஷ் என்று கூப்பிடவில்லை. ‘தம்பி’ என்று ஒரு பொதுச்சொல்லில் முடித்துக்கொண்டார்.

நான்கு வருடங்களுக்கு முன்பு, ஒரு புதன்கிழமை. அண்ணன் சரக்கு எடுக்க ஒட்டன்சத்திரம் போயிருந்தார். காலையில் பட்டறைக்குப் போகும் வழியில், சுற்றுச்சாலையில், ஒரு சரக்கு வண்டி அவனுடைய பைக்கை இடித்துவிட்டது. யாரோ ஆம்புலன்ஸுக்குச் சொல்லி ஏற்றிவிட்டு, கீழே கிடந்த போனில் கடைசியாக இருந்த எண்ணுக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள். அது பட்டறை முதலாளியின் எண். அவர் மதினிக்குப் போன் செய்து, “அக்கா, முகேஷ் கீழ விழுந்துட்டான். ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போறாங்க. நீங்க நேரா அங்க போயிருங்க, நான் மத்தவங்களுக்குச் சொல்லிட்டு வாரேன்” என்று சொன்னார். மதினி செருப்புக்கூடப் போடாமல் ஒரு ஆட்டோவைப் பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டார். போன் வீட்டிலேயே கிடந்தது.

விசாரிக்கும் இடத்தில் மகன் பெயரைக் கேட்டார்கள். முகேஷ் என்றார். அந்தப் பெயரில் இன்னும் யாரும் வரவில்லை, உட்காருங்கள், வந்தால் கூப்பிடுகிறோம் என்றார்கள். அவன் வந்து சேர்ந்திருந்தான். அவசர சிகிச்சைப் பிரிவின் கதவுக்கு அந்தப் பக்கம்தான் கிடந்தான். அவன் சட்டைப்பையில் இருந்த ஓட்டுநர் உரிமத்தைப் பார்த்து, அதில் இருந்த பெயரைத்தான் அவர்கள் எழுதிக்கொண்டார்கள். அவர்கள் செய்தது சரிதான். மதினி அந்தக் கதவுக்கு நேர் எதிரே பெஞ்சில் உட்கார்ந்து, முகேஷ் என்ற பெயரை யாராவது சொல்வார்களா என்று காத்துக்கொண்டிருந்தார்.

பட்டறை முதலாளி எனக்கும் சொல்லியிருந்தார். நான் பள்ளிக்கூடத்திலிருந்து போய்ச் சேர்ந்தபோது மதினி பெஞ்சில்தான் இருந்தார். என்னைப் பார்த்ததும், “இன்னும் கொண்டு வரலயாம் பாப்பா. வேற எங்கயும் கொண்டு போயிட்டாங்களோ என்னமோ” என்றார். நான் உள்ளே போய் மூக்கையா என்று சொல்லிக் கேட்டேன். அங்கிருந்த நர்ஸ் என்னை ஒரு கணம் பார்த்துவிட்டு, “இப்ப வர்றீங்களே” என்றார். “கொஞ்ச நேரம் நெனவு இருந்துச்சு. யாராவது வந்திருக்காங்களான்னு கேட்டாரு. வெளிய எத்தன தடவ கூப்பிட்டோம் தெரியுமா?”

அவன் பிழைக்கவில்லை. நர்ஸ் கேட்டதற்குப் பதில் பதினாறாம் நாள் காரியம் முடிந்து வீடு வெறிச்சோடிய பிறகு கிடைத்தது. மதினி கிணற்றடியில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார். நான் எடுத்து அடுக்கிக்கொண்டிருந்தேன். தலையை நிமிர்த்தாமலே சொன்னார்.

“கூப்பிட்டாங்க பாப்பா. கதவத் தெறந்து ஒரு ஆளு சத்தமா கூப்பிட்டாரு. ‘கூட வந்தது யாரு, கூட வந்தது யாரு’ன்னு கேட்டாரு. மாமா பேரச் சொல்லித்தான் கூப்பிட்டாரு.”

கையில் இருந்த தட்டை அடுக்காமல் கீழே வைத்தேன்.

“நான் எந்திரிச்சு நின்னேன். முந்தானைய இழுத்துப் போத்திக்கிட்டு நின்னேன். அந்தாளு என்னையப் பாத்து, ‘நீங்களாம்மா?’ன்னு கேட்டாரு. ‘இல்லய்யா, நான் முகேசுக்கு வந்திருக்கேன்’னு சொன்னேன். அவரு உள்ள போயிட்டாரு. நான் உக்காந்துட்டேன். மறுக்காவும் வந்து கூப்பிட்டாரு. மறுக்காவும் எந்திரிச்சேன்.” கையில் இருந்த சட்டியைத் திருப்பித் திருப்பித் தேய்த்தார். “எம்மகனுக்கு அந்தப் பேரு இருக்கது எனக்கு நெனப்பே வரல பாப்பா. எம்புட்டு யோசிச்சும் எனக்கு அது தெரியல, ஏன் நெனப்பு வரலன்னு. நான் ஒருநாளாச்சும் வாயில சொல்லியிருந்தா நெனப்பு வந்திருக்குமோ?”

சொல்லக்கூடிய ஆறுதல்களையெல்லாம் சொன்னேன். நினைவு தப்பும் முன்பே போய்ப் பார்த்திருந்தாலும் ஒன்றும் ஆகியிருக்காது என்றேன், டாக்டர்கள் அப்படித்தான் சொன்னார்கள் என்றேன். அதில் பொய்யும் இல்லை. மதினி எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். பிழைத்திருப்பானா என்பது அவருடைய கேள்வி இல்லை. கூட யாராவது வந்திருக்கிறார்களா என்று கேட்ட பிள்ளைக்கு, ஒரு கதவுக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டு இல்லை என்று சொல்லி அனுப்பிவிட்டோம் என்பதுதான் அவருக்கு. அந்த இடத்தை என்னுடைய எந்தச் சொல்லும் போய்த் தொடவில்லை.

அதற்குப் பிறகு நான் பரவைக்குப் போகும்போதெல்லாம் மதினி ஒரு காரியம் செய்யச் சொன்னார். அண்ணன் கடைக்குப் போயிருக்கும் நேரமாகப் பார்த்துத்தான் கேட்பார். “வாசல்ல போய் நின்னு ஒருக்கா கூப்பிடு பாப்பா. எந்திரிக்காம இருக்க முடியுதான்னு பாக்குறேன்.” முதல் தடவை மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். அப்பாவின் பெயர், என் காதால் கேட்டு வளர்ந்த பெயர், நானே ஒரு பிள்ளையின் காதில் ஊதிய பெயர், இரண்டு பேருமே இல்லாத வீட்டு வாசலில் நின்று எப்படிக் கூப்பிடுவது? ஆனால் மதினி அடுப்படிச் சுவரில் சாய்ந்து, இரண்டு முழங்கால்களையும் கைகளால் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். நான் வாசலில் நின்று, “மூக்கையா” என்றேன். கட்டிய கைகளைப் பிரித்துக்கொண்டு அவர் எழுந்து நின்றார். முந்தானை தோளுக்கு வந்தது. “பாத்தியா” என்றார். அடுத்த மாதமும் கேட்டார், அதற்கடுத்த மாதமும் கேட்டார். ஒருமுறை சேலைத் தலைப்பைக் கட்டில்காலில் முடிந்துகொண்டு உட்கார்ந்து பார்த்தார். முடிச்சு இழுபட்டுச் சேலை கிழிந்ததுதான் மிச்சம். இத்தனை முறை கேட்டும் அந்தப் பெயரை அவர் தன் வாயால் சொல்ல முயன்றதே இல்லை. சொல்லச் சொல்லி நான் ஒருமுறை கேட்டேன். “இனிமே சொல்லி?” என்றார்.

உடம்பு ஒடுங்கிக்கொண்டே வந்து, இந்த வருட ஆனி மாதத்தில் படுத்தவர் எழுந்திருக்கவில்லை. கடைசி வாரத்தில் கண்ணைத் திறப்பதும் நின்றுவிட்டது. சொந்தக்காரர்கள் வந்து ஆளுக்கொரு பெயரைச் சொல்லி, “நான் வந்திருக்கேன், தெரியுதா?” என்று கேட்டுப் பார்த்தார்கள். எதற்கும் அசைவில்லை. ஒரு மத்தியானம் நான் மட்டும் பக்கத்தில் இருந்தேன். ஏன் அப்படிச் செய்தேன் என்று எனக்குத் தெரியவில்லை. வெற்றிலை இல்லை, கையாலேயே மறைத்துக்கொண்டு, அவர் காதுக்குள் “மூக்கையா” என்று சொன்னேன். கால்கள் அசையவில்லை. எழுந்திருக்காமல் இருந்துவிட்டார் என்று ஒரு நொடி நினைத்தேன். அப்போது வலது கை போர்வைக்குள்ளிருந்து மெல்ல வெளியே வந்தது. மார்பின் மேல் ஊர்ந்து தோளுக்குப் போய், அங்கே எதையோ தேடியது. போட்டிருந்தது நைட்டி. நைட்டிக்கு ஏது முந்தானை? விரல்கள் கொஞ்ச நேரம் துழாவிவிட்டு அங்கேயே நின்றுவிட்டன. நான் என் சேலைத் தலைப்பை எடுத்து அந்த விரல்களுக்குள் வைத்தேன்.

இதையெல்லாம் அண்ணன் மகளிடம் போனில் எப்படிச் சொல்வது? கிணற்றடியில் மதினி சொன்னது எதுவும் அவளுக்குத் தெரியாது. அண்ணனுக்கும் தெரியாது. விளக்கைத் துடைத்து மாடத்தில் வைத்துவிட்டு உட்கார்ந்தபோது, அவள் ஒரு படம் அனுப்பியிருந்தாள். குழந்தைப் பெயர்களுக்கு அர்த்தம் சொல்லும் ஏதோ ஒரு வலைப்பக்கத்திலிருந்து எடுத்தது. மூக்கையா அதில் இல்லையாம். முகேஷ் இருந்தது. மூகம் என்றால் ஊமைத்தன்மை என்றும், முகேஷ் என்றால் வாய் பேசாதவர்களின் தலைவன் என்றும் போட்டிருந்தது. இன்னொரு பக்கத்தில் சிவன் என்று மட்டும் இருப்பதாக எழுதியிருந்தாள். “எது சரி அத்த?” என்று கீழே கேட்டிருந்தாள். எது சரி என்று எனக்கும் தெரியாது. பட்டறைக் கேலிக்குப் பயந்து, இருந்த பெயரிலிருந்து ஒரு எழுத்தைக் குறுக்கிக்கொண்ட பிள்ளை அவன். அவனுக்கும் தெரிந்திருக்காது. ஒரு பெயர் எமனைத் தள்ளி நிறுத்துவதற்காக வைத்தது. இன்னொன்று ஒரு தாய் வாய் நிறையக் கூப்பிட்டது. முதல் பெயரைச் சொல்லிக் கதவு திறந்தது. இரண்டாவது பெயருக்காக அவர் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். அன்றைய நாட்குறிப்பை எழுத எடுத்து, தேதியையும் விளக்குத் துலக்கியதையும் எழுதினேன். பெயரைப் பற்றி ஒன்றும் எழுதாமல் மூடி வைத்தேன்.

வெள்ளிக்கிழமை காலை எழுந்ததும், வாசல் தெளிக்கும் முன்பாக, கிண்ணத்திலிருந்து ஒத்தக்கல்லை எடுத்துத் துண்டில் ஒற்றி உள்ளங்கையில் வைத்துக்கொண்டு, கட்டில் விளிம்பில் உட்கார்ந்து அண்ணன் மகளைக் கூப்பிட்டேன். முதல் மணியிலேயே எடுத்தாள். “அந்த ரெண்டு பேருல எதுவும் வேண்டாம் ஆத்தா” என்றேன். “ஒனக்குப் பிடிச்சதா ஒரே ஒரு பேரு வையி. எழுதுறதும் அதுவா இருக்கட்டும், கூப்பிடுறதும் அதுவா இருக்கட்டும். ஒன் வாயில வரணும். அம்புட்டுதான்.”

“அப்ப எங்கண்ணன் பேரு அத்த?” என்றாள்.

“அது அவனோட இருக்கட்டும்.”

அவள் பதில் சொல்லும் முன்னால் குழந்தை வீறிட்டு அழுதது. போனை அப்படியே கீழே வைத்துவிட்டு அவள் ஓடும் சத்தம் கேட்டது. தொட்டில் கயிறு முனகியது. பிறகு, தூரத்திலிருந்து, “அழுகாத அய்யா. இந்தா வந்துட்டேன். ஏய்யா அழுகுற? அம்மா இங்கதான இருக்கேன் அய்யா” என்று கேட்டது. அவளுக்கு யாரும் சொல்லித் தரவில்லை. மதினியின் அதே இழுப்பு, அதே குரல்.

கையில் இருந்த கல் உறுத்தியபோதுதான் கவனித்தேன். நான் எழுந்து நின்றுகொண்டிருந்தேன்.